ஓட்டாத காரை ஐந்து நிமிடம் ஸ்டார்ட் செய்து அணைப்பதே சைலன்சருக்குக் கேடு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அதிகம் ஓட்டாத காரை வாரம் ஒருமுறை ஐந்து நிமிடம் ஸ்டார்ட் செய்து அணைத்தால் போதும், மழைக்கு முன் அடிப்பகுதி முழுக்க அண்டர்கோட்டிங் (துருவைத் தடுக்கும் ரப்பர் அல்லது தார் பூச்சு) அடித்துவிட்டால் சைலன்சர் துருப்பிடிக்காது என்று தங்கள் நாளிதழின் வாகனப் பகுதியில் வெளியாகியிருந்தது. ஊரில் எல்லோரும் சொல்கிற யோசனைகள்தான். சைலன்சர் விஷயத்தில் முதலாவது கேடு, இரண்டாவது ஆபத்து. கடலோர ஊரில் எக்ஸாஸ்ட் (எஞ்சின் புகையை வெளியேற்றும் குழாயும் சைலன்சரும்) வேலையே பார்க்கிறவர்கள் என்பதால் கொஞ்சம் விரிவாக எழுதுகிறோம்.

சைலன்சர் பெரும்பாலும் உள்ளிருந்துதான் இற்றுப்போகிறது. வெளியே தெரிகிற பழுப்பு நிறத்தைப் பார்த்துப் பயப்படுகிறவர்கள் உள்ளே தேங்கும் தண்ணீரை நினைப்பதில்லை. ஒரு லிட்டர் பெட்ரோல் எரிந்தால் ஏறக்குறைய ஒரு லிட்டர் தண்ணீர் உண்டாகிறது. பெட்ரோலில் இருக்கும் ஹைட்ரஜன் காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்வதால் வருகிற தண்ணீர் இது. எடைக் கணக்கில் 1 கிலோ பெட்ரோலுக்கு 1.4 கிலோ, சி.என்.ஜி.யில் 1 கிலோ வாயுவுக்கு 2.25 கிலோ வரை போகும். 20 சதவீதம் எத்தனால் கலந்த இ20 பெட்ரோலால்தான் சைலன்சர் போகிறது என்று இப்போது ஒரு பேச்சு இருக்கிறது. எத்தனால் கலந்தால் அதே தூரத்துக்குத் தண்ணீர் சற்றுக் கூடும் என்பது உண்மை. ஆனால் அந்த வித்தியாசம் மிகச் சிறியது. காரை எப்படி ஓட்டுகிறோம் என்பதால் வருகிற வித்தியாசத்துக்கு முன்னால் அதைப் பேசவே வேண்டாம்.

எஞ்சின் நன்றாகச் சூடேறி வண்டி ரோட்டில் ஓடும்போது இந்தத் தண்ணீர் முழுக்க ஆவியாக வெளியே போய்விடும். குழாயின் சூடு 50 டிகிரி செல்சியஸ் சொச்சத்துக்குக் கீழே இருக்கிற இடத்தில்தான் சோற்றுப்பானை மூடியில் போல நீர் கோத்துக்கொள்ளும். எஞ்சினிலிருந்து புகையைச் சேர்த்து வாங்கும் மேனிஃபோல்டும், அதை ஒட்டியிருந்து புகையின் நச்சைக் குறைக்கும் கேட்டலிட்டிக் கன்வெர்ட்டரும் ஓரிரு நிமிடத்தில் கொதித்துவிடும். பின்பக்க சைலன்சரோ எஞ்சினிலிருந்து மூன்று மீட்டர் தள்ளி இருக்கிறது. உள்ளே தடுப்புத் தகடுகள், ஓட்டை போட்ட குழாய்கள், சில மாடல்களில் கண்ணாடி நார் அடைப்பு. வண்டி நின்றபடி எஞ்சின் மட்டும் ஓடும் ஐடிலிங்கில் வருகிற கொஞ்சம் வாயுவை வைத்துக்கொண்டு அது ஐந்து நிமிடத்தில் சூடாகாது. அந்த ஐந்து நிமிடத்தில் ஒரு சிறிய காரில் 50 முதல் 70 மி.லி. பெட்ரோல் எரியும். கிட்டத்தட்ட அதே அளவு தண்ணீர் உண்டாகி, அதில் ஒரு பகுதி பின் சைலன்சரின் அடித்தட்டில் தங்கிவிடும். அடுத்த வாரம் அதே வேலை, அதற்கு மேல் இன்னொரு அடுக்கு.

தேங்குவது வெறும் தண்ணீரும் இல்லை. 2020 ஏப்ரல் 1 முதல் பி.எஸ்.6 (பாரத் ஸ்டேஜ் மாசுத் தரம்) எரிபொருளில் கந்தகம் பத்து லட்சத்தில் 10 பங்குதான், பி.எஸ்.4 காலத்தில் 50 இருந்தது. நல்ல முன்னேற்றம். ஆனாலும் மீதியுள்ள கந்தகமும் எரியும்போது உண்டாகும் நைட்ரஜன் ஆக்சைடுகளும் அந்த நீரில் கரைந்து அமிலமாகின்றன. அரைகுறையாகச் சூடேறும்போது நீர் மட்டும் கொஞ்சம் வற்றுகிறது, அமிலம் அடர்ந்து தகட்டிலேயே நிற்கிறது. அதனால்தான் நாளெல்லாம் ஓடுகிற டாக்ஸியின் சைலன்சர் வருடக்கணக்கில் நிற்க, பள்ளிக்கூடத்துக்கும் காய்கறிக் கடைக்கும் மட்டும் போய்வருகிற கார் குறைந்த கிலோமீட்டரிலேயே ஓட்டையோடு வருகிறது. ஹைபிரிட் கார்களிலும் எஞ்சின் அடிக்கடி நின்று நின்று ஓடுவதால் பின் சைலன்சர் குளிர்ந்தே கிடக்கும். அவர்களும் இதைக் கவனிக்க வேண்டும்.

பரிகாரம் எளிது. இரண்டு வாரத்துக்கு ஒருமுறை 20 முதல் 30 நிமிடம் 50-60 கி.மீ. வேகத்தில் ஓட்டுங்கள். போதுமா என்று தெரிந்துகொள்ள, நிறுத்தியதும் பின் சைலன்சரின் மேல் இரண்டு சொட்டுத் தண்ணீர் விட்டுப் பாருங்கள். சுர்ரென்று சுண்டினால் உள்ளேயும் காய்ந்திருக்கும். சொட்டு அப்படியே வழிந்தால் இன்னும் பத்து நிமிடம் ஓட்டலாம். கையை வைத்துப் பார்க்க வேண்டாம். அப்படி ஓட்ட வழியில்லை, வெளியூர் போகிறீர்கள் என்றால் ஸ்டார்ட் செய்யாமலே விட்டுவிடுங்கள். பேட்டரி இறங்கிவிடும் என்ற கவலைக்கு நெகட்டிவ் டெர்மினலைக் கழற்றிவைத்தால் போதும். பக்கத்து வீட்டுக்காரரிடம் சாவியைக் கொடுத்து "அப்பப்ப ஸ்டார்ட் பண்ணிவிடுங்க" என்று சொல்லிவிட்டுப் போவதுதான் இருப்பதிலேயே மோசம்.

காலையில் ஸ்டார்ட் செய்ததும் வால்குழாயிலிருந்து சொட்டுச்சொட்டாகத் தண்ணீர் வருவதைப் பார்த்துவிட்டு ஹெட் கேஸ்கெட் (எஞ்சினின் மேற்பாகத்தைக் கசியாமல் அடைக்கும் தகடு) போய்விட்டதோ என்று ஓடிவருகிறவர்கள் உண்டு. நிறமில்லாத நீர் சொட்டி, வண்டி சூடானதும் நின்றுவிட்டால் அது இயல்பு. சூடான பிறகும் வெள்ளைப் புகை நிற்காமல், இனிப்பு வாடையோடு, எஞ்சினைக் குளிர்விக்கும் கூலன்ட் அளவும் குறைந்துகொண்டே வந்தால்தான் கவலைப்பட வேண்டும்.

பல சைலன்சர்களில் கம்பெனியே அடிப்புறத்தில் தாழ்வான இடத்தில் 2, 3 மி.மீ. அளவில் ஒரு துளை வைத்திருக்கும். தேங்கும் நீர் வடிவதற்கான வழி அது. அதிலிருந்து சொட்டுவதைப் பார்த்து "ஓட்டை விழுந்துடுச்சு" என்று வெல்டு வைத்து அடைக்கிறவர்கள் இருக்கிறார்கள். அடைத்தால் அந்த சைலன்சரின் ஆயுள் அதோடு பாதி. சர்வீஸுக்கு வண்டி தூக்கப்படும்போது துளை திறந்திருக்கிறதா என்று பாருங்கள். துருத்தூளோ சேறோ அடைத்திருந்தால் மெல்லிய கம்பியால் குத்தி விடுங்கள். துளை இல்லாத சைலன்சரில் நீங்களாக ட்ரில் போடாதீர்கள். வெட்டிய விளிம்பில் மேற்பூச்சு போய்விடும், துரு அங்கிருந்தே கிளம்பும்.

இனி உப்புக்காற்று. கடலுப்பு படிந்த தகடு ஏன் காய்வதே இல்லை என்பதற்குக் காரணம் உண்டு. சாதாரண உப்பு, காற்றின் ஈரப்பதம் 75 சதவீதத்தைத் தாண்டினாலே ஈரத்தை இழுத்துக் கரைய ஆரம்பிக்கும். கடலுப்பில் கலந்திருக்கும் மக்னீசியம் குளோரைடுக்கு அதில் பாதிகூட வேண்டாம். தூத்துக்குடி, வேதாரண்யம், மரக்காணம், ராமேஸ்வரம் பக்கம் இரவில் நிறுத்திய காரின் அடிப்பகுதி மழையே இல்லாமல் நனைந்துதான் இருக்கும். பாம்பனின் 1914-ஆம் வருடத்துப் பழைய ரயில் பாலத்தில் 2022 டிசம்பரோடு ரயிலை நிறுத்த நேர்ந்த ஊர்ப்பகுதி இது. குளோரைடு ஸ்டெயின்லெஸ் தகட்டின் காப்புப் படலத்தையும் துளைக்கும். குண்டூசி முனை அளவுக்குப் புள்ளிப்புள்ளியாகக் குழி விழும். உப்போடு சூடும் சேர்ந்தால் வேகம் இன்னும் கூடும்.

அப்படியானால் அடிக்கடி வாட்டர் சர்வீஸ் விட்டால் சரியாகிவிடுமா? எந்தத் தண்ணீர் என்பதைப் பொறுத்தது. கடலோரத்தில் பல சர்வீஸ் நிலையங்களில் ஓடுவது போர் தண்ணீர், அதுவும் உவர்த்தண்ணீர். வெளிப்புறத்தை ஷாம்பு போட்டுத் துடைத்துவிடுவார்கள். அடிப்பகுதியை யாரும் துடைப்பதில்லை. நீர் வற்றிய இடத்தில் உப்பு நிற்கும். காசு கொடுத்து உப்பு பூசிக்கொள்வதற்கு இதைவிட நல்ல வழி இல்லை. வீட்டில் ஆர்.ஓ. மெஷினுக்காக வாங்கிய, தண்ணீரில் கரைந்த உப்பை அளக்கும் டி.டி.எஸ். மீட்டர் இருந்தால் எடுத்துப் போய்ப் பாருங்கள். குடிநீருக்கு இந்தியத் தரநிர்ணயம் சொல்கிற அளவு லிட்டருக்கு 500 மி.கி.; வேறு நீர் கிடைக்காத இடத்தில் 2000 வரை. 2000-ஐத் தாண்டிய தண்ணீரைக் காரின் அடியில் பீய்ச்சவே கூடாது. நகராட்சிக் குழாய் நீரோ, பிடித்துவைத்த மழைநீரோ 40, 50 லிட்டர் போதும். சாதாரண ஹோஸில் மெதுவாக விட்டு, ஹீட் ஷீல்டின் (சூட்டைத் தடுக்கும் தகடு) இடுக்கு, பெல்லோவின் (வளைந்துகொடுக்கும் குழாய்) கம்பிப் பின்னல், சைலன்சரைத் தொங்கவிடும் ஹேங்கர் கம்பி வெல்டு வைத்த மூலை ஆகிய மூன்று இடத்தையும் நன்றாக அலசுங்கள். உப்பும் சேறும் ஒளிந்திருப்பது அங்கேதான். வண்டி நின்று ஒரு மணி நேரமாவது ஆறிய பிறகு செய்யுங்கள். பழுக்கக் காய்ந்த கன்வெர்ட்டர் மேல் குளிர்ந்த தண்ணீர் பட்டால் உள்ளேயிருக்கும் செராமிக் வெடிக்கலாம். கழுவி முடித்ததும் அப்படியே ஷெட்டில் விடாமல், மேலே சொன்ன 20 நிமிட ஓட்டத்தை அன்றைக்கே வைத்துக்கொள்ளுங்கள்.

அண்டர்கோட்டிங் விஷயத்தில் ஒன்றை அழுத்தமாகச் சொல்ல வேண்டும். ரப்பர் அல்லது தார் வகைக் கோட்டிங் தளத் தகட்டுக்கும் வீல் ஆர்ச்சுக்கும் ஆனது. எக்ஸாஸ்ட் மேல் அதன் ஒரு துளியும் படக் கூடாது. அடிப்பதற்கு முன் மேனிஃபோல்டிலிருந்து வால்குழாய் வரை பழைய செய்தித்தாளும் மாஸ்கிங் டேப்பும் சுற்றி மூட வேண்டும். இதற்குச் சோம்பல்பட்டு மேலோட்டமாக அடித்துவிடுவதால்தான் புதுக்கோட்டிங் போட்ட வண்டியில் நாலு நாளைக்குக் கருகல் நாற்றம். வெறும் நாற்றத்தோடு போனால் அதிர்ஷ்டம். சூடான குழாயில் படிந்தது தீப்பற்றவும் செய்யும். இன்னொரு பழக்கம், வாட்டர் சர்வீஸ் முடிந்ததும் அடியில் டீசலையோ கழிவு ஆயிலையோ அடித்துவிடுவது. எக்ஸாஸ்டில் பட்ட எண்ணெய் அரை மணி ஓட்டத்தில் எரிந்துபோகும், பாதுகாப்பு எதுவும் மிஞ்சாது. மிஞ்சுவது கேடு மட்டும்: சைலன்சரைத் தொங்கவிட்டிருக்கும் ஹேங்கர் ரப்பர் எண்ணெய் குடித்து ஊதி, தளர்ந்து, பிய்ந்துவிடும். ஒரு ரப்பர் போனால் சைலன்சர் ஆட ஆரம்பிக்கும், ஆடினால் வெல்டு ஓரத்தில் விரிசல் விழும், விரிசலில் துரு. துரு என்று எழுதி மாற்றப்படும் சைலன்சர்களில் இப்படி ரப்பரில் தொடங்கியவை கணிசம்.

சைலன்சரின் வெளிப்புறத்தில் பெயின்ட் அடிக்கலாமா என்றால், கடலோரத்தில் அடிக்கலாம், பலன் உண்டு. உள்துருவுக்கு அதனால் ஒரு பயனும் இல்லை என்பதைத் தெரிந்துகொண்டு அடிக்க வேண்டும். வேண்டியது 600 டிகிரி தாங்கும் சிலிக்கோன் வகை ஹீட் பெயின்ட், அலுமினியத் தூள் கலந்த சில்வர் நிறம். பின் சைலன்சருக்கும் வால்குழாய்க்கும் 400 மி.லி. ஸ்ப்ரே ஒன்று போதும். சாதாரண எனாமலும் துருமாற்றித் திரவமும் இந்தச் சூட்டுக்கு நிற்காது. துத்தநாகப் பெயின்டை முன்பக்கக் குழாயில் அடிக்காதீர்கள். துத்தநாகம் 419 டிகிரியில் உருகிவிடும்.

ஜாக்கியை மட்டும் நம்பி வண்டிக்கு அடியில் போகாமல் ஸ்டாண்டு வைத்து, ஆறிய சைலன்சரைக் கம்பி பிரஷ்ஷால் தேய்த்து உதிர்கிற துருவை எடுங்கள். பிறகு 80 நம்பர் எமெரித்தாளால் தேய்த்து, தின்னரில் நனைத்த துணியால் எண்ணெய்ப் பிசுக்கு போகத் துடையுங்கள். துடைத்த இடத்தைத் திரும்பக் கையால் தொடக் கூடாது. வடிகால் துளையில் ஒரு தீக்குச்சியைச் செருகிக்கொள்ளுங்கள், பெயின்ட் அடைக்காது. முடிந்ததும் மறக்காமல் உருவுங்கள். மெல்லிய கோட்டாக மூன்று, ஒவ்வொன்றுக்கும் 15 நிமிட இடைவெளி. ஒரே தடவையில் தடியாக அடித்தால் சூட்டில் கொப்பளித்து உரியும். ஹீட் பெயின்ட் காற்றில் காய்வதோடு முடிவதில்லை, சூட்டில்தான் இறுகும்: டப்பாவில் போட்டிருக்கும் முறைப்படி, முதலில் சிறிது நேரம் ஐடிலிங், ஆறவிட்டு மறுபடி கொஞ்சம் கூடுதலாக, பிறகு அரை மணி ரோடு ஓட்டம். அப்போது புகையும், வாடையும் வரும். திறந்த வெளியில் செய்யுங்கள். பெல்லோ, ஆக்சிஜன் சென்சார், கன்வெர்ட்டர், ஹேங்கர் ரப்பர் இவற்றில் பெயின்ட் படக் கூடாது.

கழற்றி மாட்டுகிற வேலைகளில் துருவின் தொல்லை போல்ட்டில்தான் தெரியும். குழாய்களை இணைக்கும் ஃபிளாஞ்ச் நட்டுகள் குழாயோடு ஒன்றாகிப் போயிருக்கும். நேராக நெம்பினால் ஸ்டட் முறியும். முந்தின நாளே துருத்தளர்த்தும் ஆயில் விட்டு ஊறவைத்து, மறுநாள் இன்னொரு தடவை விட்டு, முன்னும் பின்னுமாக அசைத்துக் கழற்ற வேண்டும். திரும்பப் போடும்போது புது நட், புது கேஸ்கெட், மரையில் செம்புத்தூள் கலந்த ஆன்டி-சீஸ் பேஸ்ட் (மரை ஒட்டிப்போகாமல் காப்பது) ஒரு பட்டாணி அளவு. பழைய கேஸ்கெட்டை சிலிக்கோன் பசை தடவிச் சமாளிப்பது கூடாது. அதிலிருந்து கிளம்பும் ஆவி ஆக்சிஜன் சென்சாரைக் கெடுக்கும். கேஸ்கெட்டில் மிச்சம் பிடித்த காசு சென்சாரில் போகும்.

2023 டிசம்பரில் சென்னையிலும், அடுத்த இரண்டு வாரத்துக்குள் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 செ.மீ. கொட்டியபோது எங்கள் மாவட்டத்திலும் ஆயிரக்கணக்கான கார்கள் மூழ்கின. எஞ்சின், சீட், வயரிங் எல்லாம் பார்த்தார்கள். சைலன்சரை யாரும் நினைக்கவில்லை. வால்குழாய் முழுகிய வண்டியில் வண்டல் கலந்த நீர் உள்ளே போய், தடுப்புத் தகடுகளுக்கு நடுவே சேறாக உட்கார்ந்திருக்கும். நார் அடைப்பு இருந்தால் அது பஞ்சாய் நீரைப் பிடித்துவைத்துக்கொள்ளும். எஞ்சினை ஓடவிட்டுக் காயவைக்க முடியாது. சைலன்சரைக் கழற்றி, வால்குழாய் கீழே வரும்படி சாய்த்து வடித்து, நல்ல தண்ணீர் விட்டு இரண்டு மூன்று தடவை குலுக்கிக் கொட்டி, வெயிலில் காயவைத்து மாட்ட வேண்டும். அதற்கு முன் எஞ்சினுக்குள் நீர் போகவில்லை என்று உறுதியாகாமல் சாவியையே திருப்பக் கூடாது.

ஓட்டை விழுந்துவிட்டால் எது வெல்டுக்குத் தாங்கும், எது தாங்காது என்று பார்க்கத் தெரிய வேண்டும். ஸ்க்ரூடிரைவர் கைப்பிடியால் தட்டிப் பாருங்கள். 'டங்' என்று ஒலித்தால் தகடு இருக்கிறது. 'டொக்' என்று மந்தமாகக் கேட்டாலோ முனையால் அழுத்தினால் உள்ளே போனாலோ ஒட்டுப்போட்டுப் பயனில்லை. ஓட்டையைச் சுற்றித் தகடு கெட்டியாக இருந்தால் மட்டும் வெல்டு. அலுமினைஸ்டு (அலுமினியம் பூசிய) தகட்டில் ஓட்டையைச் சுற்றி ஒரு செ.மீ. அகலத்துக்குப் பூச்சைத் தேய்த்து எடுத்துவிட்டு வைத்து, முடிந்ததும் ஹீட் பெயின்ட் அடிக்க வேண்டும். ஸ்டெயின்லெஸ் குழாயில் சாதாரண இரும்பு ராடு வைத்தால் வெல்டு இருக்கும் இடமே முதலில் துருவாகிப் பிரியும். 309 எல் வகை ராடு கேளுங்கள். ஆர்க் வைப்பதற்கு முன் பேட்டரி நெகட்டிவைக் கழற்றி, எர்த் கிளாம்பை வெல்டுக்குப் பக்கத்திலேயே மாட்டச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் எஞ்சினை இயக்கும் கணினியான ஈ.சி.யு. போகலாம். எம்-சீல் வைத்து அடைப்பது சூட்டில் காய்ந்து உதிரும், அதற்கான இடமும் இது கிடையாது.

சத்தம் கொஞ்சம் கூடினால் என்ன என்று விட்டுவிடாதீர்கள். மத்திய மோட்டார் வாகன விதி 120 ஒவ்வொரு வண்டியிலும் சத்தத்தைக் குறைக்கும் சைலன்சர் இருக்க வேண்டும் என்கிறது. அதைவிடப் பெரிய விஷயம் கார்பன் மோனாக்சைடு. நிறமோ மணமோ இல்லாத வாயு. ஓட்டை பின் சீட்டுக்கு அடியில் இருந்து, தளத் தகட்டிலும் ரப்பர் பிளக் போயிருந்தால், வண்டி நின்றபடி ஏ.சி. ஓடும்போது அது உள்ளே வரும். தலைவலி, மயக்கம் என்று ஆரம்பிக்கும். ஏ.சி. போட்டுக்கொண்டு காரில் தூங்குகிற பழக்கம் உள்ளவர்கள், எக்ஸாஸ்ட் நன்றாக இருந்தாலும் அதைச் செய்யக் கூடாது. கசிவைக் கண்டுபிடிக்க, ஆறிய வண்டியை ஸ்டார்ட் செய்து, கெட்டியான துணியை வால்குழாயில் இரண்டு மூன்று விநாடி அழுத்திப் பிடிக்கச் சொல்லி, இன்னொருவர் அடியில் காது கொடுத்தால் 'உஸ்' என்ற சத்தம் காட்டிக்கொடுக்கும். இணைப்புகளைச் சுற்றிக் கரிக்கோடு படிந்திருந்தாலும் கசிவுதான். கதவு திறந்த இடத்தில் செய்யுங்கள், மூடிய ஷெட்டில் வேண்டாம்.

கடைசியாக, மாற்று சைலன்சர் வாங்குவது. கம்பெனி சைலன்சர் பெரும்பாலும் அலுமினியமும் சிலிக்கனும் பூசிய எஃகு அல்லது 409 வகை ஸ்டெயின்லெஸ். 409-இல் குரோமியம் 11 சதவீதம் அளவுதான். வெளியே பழுப்பேறும், ஆனால் சட்டென்று ஓட்டையாகாது. 304-இல் குரோமியம் 18, நிக்கல் 8. கடலோரத்துக்கு நல்லது, விலை அதிகம். காந்தம் வைத்துப் பார்த்து வாங்குகிறவர்கள் ஏமாறுகிறார்கள்: 409, அலுமினைஸ்டு, சாதாரண இரும்பு மூன்றிலும் காந்தம் ஒட்டும். 304-இல் மட்டும் ஒட்டாது. கடைகளில் பளபளப்பான கறுப்புப் பெயின்டோடு தொங்குபவற்றில் பல வெறும் இரும்புத் தகடு. முதல் நீண்ட பயணத்திலேயே பெயின்ட் கருகி உரியும், உப்புக்காற்றில் அதன்பின் அதிக காலம் நிற்காது. உதிரி சைலன்சர் மேல் தகட்டின் வகையையும் தடிமனையும் முத்திரையாகக் குத்த வேண்டும் என்று அரசு கட்டாயமாக்கலாம், பெரிய செலவில்லை. அதுவரைக்கும் வாங்குகிறவர்கள் பில்லில் 'அலுமினைஸ்டு' அல்லது '409' என்று எழுதித் தரச் சொல்லுங்கள். எழுதித் தரத் தயங்கினால் கையில் இருப்பது கறுப்புப் பெயின்ட் அடித்த இரும்பு என்று வைத்துக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
எக்ஸாஸ்ட் பணிமனைத் தொழிலாளர்கள்,
தூத்துக்குடி.